டிவி கட்டணம் எல்லாம் சொன்னீங்க, ரேடியோவ விட்டுட்டீங்களே

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயித்துக்கிழமை இணைப்புல அமெரிக்க காலேஜ் ஃபுட்பால் பத்தி ஒரு முழுப் பக்கம் போட்டிருந்தீங்க, பிள்ளைங்கள அங்க படிக்க அனுப்பிட்டு இருக்கற வீடுகள்ல இது என்னன்னு புரியட்டும்னு. ரொம்ப நல்லா இருந்துச்சு, எந்த மேட்ச் எந்த சேனல், எந்த ஆப், மாசம் எத்தனை டாலர்னு ஒன்னு விடாம இருந்துச்சு, ஆனா அந்தப் பக்கம் முழுக்க தேடினாலும் ரேடியோங்கற வார்த்தை ஒரு தடவ கூட வரல. அதான் இந்த லெட்டர். எனக்கு சொந்த ஊர் கோவில்பட்டி, 14 வருஷமா ஜார்ஜியா மாநிலத்துல அட்லாண்டாவுக்கு வடக்க ஆல்பரெட்டால இருக்கேன். காலேஜ் ஃபுட்பால காதால கேக்கறவங்க இங்க எத்தனையோ பேர், சனிக்கிழமை வண்டி ஓட்டறவங்க, கடைல நிக்கறவங்க, கண்ணு தெரியாதவங்க. அதுல எங்க அப்பாவும் ஒருத்தர்.

விளையாட்டோட ரூல்ஸ் நீங்களே தெளிவா எழுதிட்டீங்க, இது நம்ம கால்பந்து இல்ல, பந்த கையில வச்சுக்கிட்டு ஓடறதுன்னு. 4 தடவைக்குள்ள 10 யார்டு முன்னேறணும், முன்னேறிட்டா மறுபடி 4 தடவ கிடைக்கும், மைதானம் கோட்டுக்கு கோடு 100 யார்டு, இத மட்டும் மனசுல வச்சுக்கிட்டு படிங்க.

அப்பா கோவில்பட்டில 40 வருஷம் டெய்லர் கடை வச்சிருந்தவர். கிளாக்கோமாவுல ஒரு கண்ணு முழுசா போயிருச்சு, இன்னொன்னுல வெளிச்சம் தெரியும், ஆள் நடந்தா நிழல் தெரியும், அவ்ளோதான். 2022 ஆகஸ்ட்ல எங்ககூட 6 மாசம் இருக்கலாம்னு வந்தாரு. அந்த மாசம்தான் என் மக எங்க மாநிலத்து ஏதென்ஸ் ஊர்ல ஜார்ஜியா யூனிவர்சிட்டில சேர்ந்திருந்தா, அதனால சனிக்கிழமையானா வீட்ல அந்த காலேஜ் டீம் புல்டாக்ஸ் மேட்ச்தான். செப்டம்பர் 3ஆம் தேதி முதல் மேட்ச், ஓரிகன் டீம்கூட, அட்லாண்டாவுலயே நடந்துச்சு, 49க்கு 3ன்னு ஜார்ஜியா ஜெயிச்சுது. நாங்க எல்லாம் டிவி முன்னாடி கத்திட்டு இருக்கோம், அப்பா சோபா ஓரத்துல ரெண்டு கையையும் மடில வச்சுக்கிட்டு உக்காந்திருக்காரு. அரை மணி நேரம் கழிச்சு மெதுவா கேட்டாரு, "எய்யா, பந்து இப்ப எங்கன கெடக்கு?"

எனக்கு சுருக்குனு இருந்துச்சு. அப்பதான் டிவில என்ன பேசறாங்கன்னு காத குடுத்து கேட்டேன். பந்து எங்க இருக்குன்னு அவங்க சொல்றதே இல்லீங்க, சொல்ல வேண்டிய அவசியமும் அவங்களுக்கு இல்ல, ஸ்கிரீன்ல கீழ எல்லாம் எழுதியிருக்கு, மஞ்சக் கோடு போட்டு காட்டறாங்க. கோச் எந்த ஊர்க்காரர், இந்தப் பையன் ஸ்கூல்ல எப்படி ஆடினான், போன ஆட்டத்தோட ரீப்ளே, இதத்தான் பேசறாங்க. கண்ணு தெரியறவங்களுக்கு அது போதும். கண்ணு தெரியாத மனுஷனுக்கு டிவி சத்தத்த எவ்ளோ கூட்டி வச்சாலும் கூட்டம் கத்தறது மட்டும்தான் கேக்கும், எதுக்கு கத்தறாங்கன்னு தெரியாது.

அடுத்த வாரம் ஒரு சின்ன டிரான்சிஸ்டர் வாங்கிட்டு வந்தேன், பாட்டரி போடறது, முள்ளு திருப்பறது. 750 ஏஎம்னு வச்சா டபிள்யூஎஸ்பி, அட்லாண்டாவோட பழைய ஸ்டேஷன், ஜார்ஜியா மேட்ச் எல்லாம் அதுல வரும். கமெண்டரி சொல்றவர் ஸ்காட் ஹோவர்ட், கூட முன்னாடி இதே காலேஜ்க்கு ஆடின எரிக் ஸயர். மேட்ச் ஆரம்பிச்ச முதல் நிமிஷத்துலயே வித்தியாசம் தெரிஞ்சுது. ஜார்ஜியா இடது பக்கத்துலருந்து வலது பக்கமா போகுது, பந்து சொந்தப் பக்கத்து 25ல, ரெண்டாவது தடவ, இன்னும் 7 யார்டு வேணும், ரெண்டு பேர் வலது ஓரத்துல நிக்கறாங்க, இத்தனை நிமிஷம் பாக்கி, ஸ்கோர் இவ்ளோ. ஒவ்வொரு ஆட்டத்துக்கும் இது அத்தனையும் சொல்லிட்டுத்தான் பந்த எடுக்கறாங்க. வண்டிய அப்பதான் ஸ்டார்ட் பண்ணி ரேடியோவ போட்டவனுக்கும் ஒரு நிமிஷத்துல மேட்ச் நிலவரம் தெரிஞ்சிரணும்னு ஸ்கோர திருப்பித் திருப்பி சொல்லுவாங்க, அது அவங்க தொழில் வழக்கம்.

அப்பாவுக்கு இங்கிலீஷ் ஓரளவுதான். ஆனா அவரு ரேடியோவுலயே விளையாட்டு கேட்டு வளந்த ஆளு. எங்க ஊரு ஹாக்கி ஊருன்னு உங்களுக்கே தெரியும். 1975 மார்ச்ல கோலாலம்பூர்ல இந்தியா பாகிஸ்தான 2-1ன்னு ஜெயிச்சு உலகக் கோப்பைய வாங்கினப்ப, ஜஸ்தேவ் சிங் ஹிந்தில சொன்ன கமெண்டரிய ஒரு கடை வாசல்ல கூட்டமா நின்னு கேட்டதா அப்பா சொல்லுவாரு, அங்க நின்ன யாருக்கும் ஹிந்தி ஒரு வார்த்தை தெரியாது, குரல் ஏறறதயும் எறங்கறதயும் வச்சே பந்து எங்க போகுதுன்னு புரிஞ்சுக்கிட்டோம்னு. அப்புறம் சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் தமிழ்ல கிரிக்கெட் சொல்ல ஆரம்பிச்சப்ப தையல் மிஷின நிப்பாட்டி வச்சுட்டு கேட்டிருக்காரு. அப்பேர்ப்பட்ட காதுக்கு இங்கிலீஷ் கமெண்டரி ஒரு பொருட்டே இல்ல. நான் 3 வாரம் கூடவே உக்காந்து தமிழ்ல சொல்லிட்டு இருந்தேன், நாலாவது வாரம் என்னைய பேசாம இருக்க சொல்லிட்டாரு.

இன்னொன்னும் செஞ்சாரு, அத கட்டாயம் சொல்லணும், ஏன்னா யாருக்காவது உதவும். அப்பா எங்க போனாலும் பழக்கத்துல கழுத்துல போட்டுக்கற இஞ்ச் டேப்ப கொண்டு வந்திருந்தாரு. ஒரு பக்கம் 60 இஞ்ச், மறுபக்கம் 150 சென்டிமீட்டர். மைதானம் 100 யார்டுதானே, அப்ப ஒரு சென்டிமீட்டர் ஒரு யார்டுன்னு வச்சுக்கலாம்னு அவரே கணக்கு போட்டாரு. என் வீட்டுக்காரி ஒவ்வொரு 10 சென்டிமீட்டருக்கும் விரல்ல தட்டுப்படற மாதிரி ஒரு நூல் முடிச்சு போட்டுக் குடுத்தா, 50ல மட்டும் ரெண்டு முடிச்சு. டைனிங் டேபிள்ல அத விரிச்சு வச்சு, ஒரு சட்டை பட்டன பந்தா வச்சுக்குவாரு. ரேடியோல 42னு சொன்ன உடனே விரல் 40 முடிச்ச தேடிப் போயி, அங்கருந்து ரெண்டு தள்ளி பட்டன் நிக்கும். 10 யார்டு முன்னேறணும்னா எங்க போய் நிக்கணுமோ அங்க ஒரு தீக்குச்சி. ஒரு மாசத்துல எங்க எல்லாரையும் விட அவருக்குத்தான் மேட்ச் தெளிவா தெரிஞ்சுது, மூணாவது தடவைக்கு 8 யார்டுன்னா "தூக்கித்தான் போடுவான் பாரு"ம்பாரு, போடுவான்.

இதுல ஒரு வேடிக்கை நடந்துச்சு. எங்க டிவி இன்டர்நெட்ல வர்றது, அது நெஜ மேட்ச விட அரை நிமிஷம் கிட்ட லேட்டு. ஏரியல் போட்ட டிரான்சிஸ்டர்ல அவ்ளோ தாமதம் கிடையாது. லீவுக்கு வந்திருந்த என் மக டிவியையே உத்துப் பாத்துட்டு இருப்பா, டேபிள்கிட்ட தாத்தா பட்டன எடுத்து கோட்டுக்கு அந்தப் பக்கம் வச்சுட்டு சிரிப்பாரு, டிவில அந்த ஆட்டம் இன்னும் ஆரம்பிச்சே இருக்காது. "தாத்தா, சொல்லாதீங்க தாத்தா"ன்னு இவ கெஞ்ச, "நான் எங்க தாயி சொன்னேன்"ன்னு அவரு.

இந்த தாமத விஷயம் ரேடியோ கேக்கறவங்க எல்லாருக்கும் பெரிய விஷயம், டிவியும் ரேடியோவும் ஒன்னா ஓடாது. டிவி சத்தத்த அடைச்சுட்டு ரேடியோ கமெண்டரிய வச்சு பாக்கறது ஜார்ஜியாக்காரங்களுக்கு பழைய பழக்கம், அதுக்கு காரணம் லேரி மன்சன்னு ஒரு மனுஷன். 1966லருந்து 2008 வரைக்கும் அவருதான் ஜார்ஜியா குரல். 1980 நவம்பர்ல ஜாக்சன்வில்ல ஃபுளோரிடாகூட மேட்ச், ஜார்ஜியா 21-20ன்னு பின்னாடி இருக்கு, ஒரு நிமிஷத்துக்கு கொஞ்சம்தான் மேல பாக்கி, பந்து சொந்த கோட்டுலருந்து 7 யார்டுல கெடக்கு. பக் பெலு வீசின பந்த லிண்ட்சே ஸ்காட் புடிச்சு அந்தக் கடைசி வரைக்கும் ஓடிட்டான், மொத்தம் 93 யார்டு. மன்சன் யார்டு கணக்க சொல்லிக்கிட்டே நடுவுல ஓடு லிண்ட்சேன்னு கத்தினாரு, கடைசில லிண்ட்சே ஸ்காட், லிண்ட்சே ஸ்காட்னு, கத்தின கத்துல உக்காந்திருந்த இரும்பு சேரே உடைஞ்சு போச்சுன்னு அவரே ரேடியோல சொன்னாரு. அந்த சீசன்ல ஜார்ஜியாதான் நேஷனல் சாம்பியன். ரெக்கார்டிங் இன்டர்நெட்ல கிடைக்குது, கேட்டுப் பாருங்க. மன்சன் எப்பவுமே நம்ம டீம், நாமன்னுதான் பேசுவாரு, எதிர் டீம் பந்த தொட்டாலே பயப்படுவாரு. டிவிக்காரங்க ரெண்டு பக்கத்துக்கும் பொதுவா பேசணும், காலேஜ் ரேடியோக்காரங்க அந்த காலேஜோட ஆளுங்க, ஜெயிச்சா துள்ளுவாங்க தோத்தா தொண்டை அடைக்கும். எனக்கு அதுதான் புடிச்சிருக்கு.

இப்ப உங்க வாசகர்களுக்கு உபயோகமா சொல்றேன். சாட்டிலைட் ரேடியோவ தவிர நான் சொல்ற எல்லாத்துக்கும் அநேகமா காசே இல்ல, நீங்க போட்ட டிவி கணக்க எடுத்து பக்கத்துல வச்சுக்கிட்டு படிக்கணும்.

அந்தந்த காலேஜ் ஊர்லயோ பக்கத்து பெரிய ஊர்லயோ இருக்கறவங்க முதல்ல பண்ண வேண்டியது லோக்கல் ஏஎம் எஃப்எம் ஸ்டேஷன் எதுன்னு கண்டுபுடிக்கறது. ஒவ்வொரு பெரிய காலேஜுக்கும் தலைமை ஸ்டேஷன்னு ஒன்னு இருக்கும், ஜார்ஜியாவுக்கு 750 ஏஎம், ஓஹியோ ஸ்டேட்டுக்கு கொலம்பஸ்ல 97.1 எஃப்எம், கொலராடோவுக்கு டென்வர்ல 850 ஏஎம், அதுக்கு கீழ மாநிலம் பூரா சின்னச் சின்ன ஸ்டேஷன்கள் சேர்ந்து ஒரு நெட்வொர்க்கா ஒலிபரப்பும். காலேஜோட விளையாட்டு வெப்சைட்ல அந்த லிஸ்ட் இருக்கும், அங்கயே கேக்கறதுக்கான லிங்கும் இருக்கும்.

ரேடியோ எட்டாத ஊர்ல இருந்தா போன்ல கேக்கலாம். லேர்ஃபீல்டுன்னு ஒரு கம்பெனி நிறைய காலேஜுக்கு ரேடியோ உரிமைய வச்சிருக்கு, அவங்க 2021ல வார்சிட்டி நெட்வொர்க்னு ஒரு ஆப் விட்டாங்க, இலவசம், நம்ம காலேஜ தேர்ந்தெடுத்து வச்சுக்கிட்டா மேட்ச் நாள்ல அதுலயே வந்திரும். எல்லா காலேஜும் அந்த கம்பெனிகிட்ட இல்ல, இல்லாதவங்களுக்கு காலேஜோட சொந்த ஆப், இல்லனா ட்யூன்இன் மாதிரி ஆப். இங்கதான் புதுசா வந்த பிள்ளைங்க ஏமாந்து போகுதுங்க. ரேடியோ ஸ்டேஷன் வெப்சைட்டுக்கு போய் ப்ளே பட்டன அமுக்கினா சில ஸ்டேஷன்ல மேட்ச் நேரத்துல வேற ஏதோ ஒரு பேச்சு நிகழ்ச்சி ஓடும், ஏரியல்ல மேட்ச் வருது ஆனா அதே ஸ்டேஷனோட ஸ்ட்ரீம்ல வரல. ஏன்னா காத்துல விடற உரிமை வேற, இன்டர்நெட்ல விடற உரிமை வேற. அப்படி நடந்தா ஸ்டேஷன விட்டுட்டு காலேஜ் பக்கத்துக்கு போயிருங்க.

ஸ்ட்ரீம்ல ஆடியோவுக்கு டேட்டா ரொம்ப கம்மி. 64 கேபிபிஎஸ்னு கணக்கு போட்டா ஒரு மணி நேரத்துக்கு 30 எம்பி கூட ஆகாது, மூன்றரை மணி நேர மேட்ச் முழுக்க சுமார் 100 எம்பில முடிஞ்சிரும். இங்க எஃப்-1 விசால படிக்கற நம்ம பிள்ளைங்க செமஸ்டர் நேரத்துல கேம்பஸ்ல வாரம் 20 மணி நேரம்தான் வேலை பாக்கலாம், நிறைய பேருக்கு அது சனிக்கிழமை டைனிங் ஹால்லயும் லைப்ரரிலயும்தான் அமையுது. ரூம்மேட் எல்லாம் ஸ்டேடியத்துல இருக்கறப்ப தட்டு கழுவிக்கிட்டு ஒத்தைக் காதுல இயர்ஃபோன் போட்டு கேக்கற பிள்ளைகள நான் பாத்திருக்கேன். அதுங்களுக்கு டிவி லிஸ்ட்டால ஒரு பிரயோஜனமும் இல்ல.

காசு குடுத்து கேக்கணும்னா சிரியஸ் எக்ஸ்எம், சாட்டிலைட் ரேடியோ, அமெரிக்காவுலயும் கனடாவுலயும்தான். தூரமா வண்டி ஓட்டறவங்களுக்கு அது நல்லது, மாநிலம் மாறினாலும் ஸ்டேஷன் மாத்த வேண்டாம். எஸ்இசி, பிக் டென், ஏசிசின்னு பெரிய கான்ஃபரன்ஸ்களுக்கு, அதாவது தங்களுக்குள்ள ஆடற காலேஜ் கூட்டங்களுக்கு, தனித்தனி சேனலே இருக்கு. நாடு முழுக்க போற மேட்ச்னா வெஸ்ட்வுட் ஒன்ங்கற ரேடியோ நெட்வொர்க் வாரா வாரம் சில பெரிய மேட்ச்ச சொல்லுவாங்க, சீசன் கடைசில சாம்பியன் யாருன்னு முடிவு பண்ற ப்ளேஆஃப் இஎஸ்பிஎன் ரேடியோல வரும்.

மாணவர்களே நடத்தற ரேடியோவையும் மறந்துராதீங்க. நார்த்வெஸ்டர்ன்ல டபிள்யூஎன்யூஆர் 89.3ல பசங்களே உக்காந்து ஃபுட்பால் கமெண்டரி சொல்றாங்க. சிரக்யூஸ் யூனிவர்சிட்டி ரேடியோலருந்துதான் இங்க டிவில பேர் வாங்கின விளையாட்டு வர்ணனையாளர்கள் பாப் காஸ்டஸும் மைக் டிரிகோவும் வந்தாங்க. நம்ம பிள்ளைங்க பேச்சுல கெட்டிக்காரங்க, இன்ஜினியரிங் படிச்சுக்கிட்டே இந்த மைக் முன்னாடியும் போய் உக்காரலாம்னு உங்க கட்டுரைல ஒரு வரி இருந்திருந்தா எனக்கு இன்னும் சந்தோஷமா இருந்திருக்கும்.

ஏஎம் ரேடியோவோட அருமை எனக்கு முழுசா தெரிஞ்சது 2022 அக்டோபர் 1ஆம் தேதி. சின்சினாட்டில தங்கச்சி வீட்டுக்கு போயிட்டு நானும் அப்பாவும் ஐ-75 ஹைவேல தெக்க வந்துட்டு இருந்தோம். அன்னைக்கு ராத்திரி ஜார்ஜியாவுக்கு மிசோரில மேட்ச். கென்டக்கில இருட்ட ஆரம்பிச்சப்ப அப்பா "750 வச்சுப் பாரு"ன்னாரு. இவ்ளோ தூரம் எங்கப்பா வரும்னேன். "பொழுது சாஞ்சா வரும்யா, வையி"ன்னாரு. வச்சேன், கரகரன்னு இரைச்சலுக்கு நடுவுல ஸ்காட் ஹோவர்ட் குரல். டபிள்யூஎஸ்பி 50,000 வாட்ஸ் ஸ்டேஷன். பகல்ல வானத்துல மேல இருக்கற அயனோஸ்பியரோட கீழ் அடுக்கு ஏஎம் அலைய உறிஞ்சிரும், சூரியன் மறைஞ்சதும் அந்த அடுக்கு கலைஞ்சு போயிரும், அலை இன்னும் மேல இருக்கற அடுக்குல பட்டு திரும்பி நூத்துக்கணக்கான மைல் தள்ளி வந்து எறங்கும். இந்த விளக்கம் எல்லாம் நான் அப்புறம் படிச்சது, அப்பாவுக்கு அனுபவத்துலயே தெரிஞ்சிருக்கு.

அந்த மேட்ச்ல ஜார்ஜியா பாதில 16-6ன்னு தோத்துட்டு இருந்துச்சு. ஜெல்லிக்கோ மலை ஏர்றப்ப குரல் தேஞ்சு தேஞ்சு காணாம போகும், அப்பா காத ஸ்பீக்கர்கிட்ட கொண்டு போவாரு, திரும்ப பொங்கிட்டு வரும். ஹைவே மேல குறுக்க போற பாலத்துக்கு அடில போற ஒவ்வொரு தடவையும் ஒரு நொடி கட் ஆகும். டேப் டிக்கில பெட்டிக்குள்ள மாட்டிக்கிச்சு, அதனால சீட் பெல்ட்டயே டேப்பா வச்சு தோள்லருந்து இடுப்பு வரைக்கும் விரலால அளந்துக்கிட்டே வந்தாரு. கடைசி கால் பகுதியான நாலாவது குவார்ட்டர்ல ரெண்டு டச்டவுன் போட்டு, அதாவது ரெண்டு தடவ பந்த எதிர் டீம் கோட்டுக்கு அந்தப் பக்கம் கொண்டு போயி, 26-22ன்னு ஜெயிச்சாங்க, நாங்க அப்ப டென்னசில இருந்தோம். வண்டிய ஒரு பெட்ரோல் பங்க்ல நிப்பாட்டி டீ கிடைக்காம ரெண்டு பேரும் காபி குடிச்சோம். அப்பாகூட அந்த மாதிரி ஒரு ராத்திரி எனக்கு சின்ன வயசுல கூட அமைஞ்சதில்ல.

அதனாலதான் கார்லருந்து ஏஎம்ம எடுக்கறாங்கன்னு கேட்டா எனக்கு வயித்தெரிச்சலா இருக்கு. எலக்ட்ரிக் கார் மோட்டார் ஏஎம்ல இரைச்சல் கிளப்புதுன்னு சில கம்பெனிங்க அத எடுத்துட்டாங்க. 2023ல ஃபோர்டு புது வண்டிகள்ல எடுக்கப்போறோம்னு சொல்லி, எதிர்ப்பு வந்ததும் திரும்ப வைக்கறோம்னாங்க, எல்லா கார்லயும் ஏஎம் இருக்கணும்னு அமெரிக்க பார்லிமென்ட்ல அதே வருஷம் ஒரு மசோதாவும் வந்துச்சு. நான் அப்புறம் வாங்கின வண்டில ஏஎம் இல்ல, வாங்கறப்ப யாரும் சொல்லல, நானும் கேக்கல. நீங்க இங்க கார் வாங்கறதா இருந்தா ஒரு வார்த்தை கேட்டுட்டு வாங்குங்க.

ரேடியோவுக்கு இந்த விளையாட்டு மேல உரிமை ஜாஸ்தி, ஏன்னா அது டிவிக்கு முன்னாடியே வந்துருச்சு. 1921 அக்டோபர் 8ஆம் தேதி பிட்ஸ்பர்க்ல கேடிகேஏ ஸ்டேஷன்லருந்து ஹெரால்ட் ஆர்லின் பிட்ஸ்பர்க் யூனிவர்சிட்டிக்கும் வெஸ்ட் வர்ஜீனியாவுக்கும் நடந்த மேட்ச்ச சொன்னதுதான் முதல் காலேஜ் ஃபுட்பால் ரேடியோ கமெண்டரின்னு சொல்றாங்க. டெக்சாஸ் ஏ அண்ட் எம் காலேஜ் ஊர்ல டபிள்யூடிஏடபிள்யூன்னு ஒரு ஸ்டேஷன் இருக்கு, அந்த எழுத்துகளுக்கே அர்த்தம் ஆகீஸ், அதாவது அந்த காலேஜ் டீம், ஜெயிக்கறத பாருங்கன்னு. டிவி வந்த அப்புறமும் டிவில எத்தனை மேட்ச் காட்டலாம்னு காலேஜ் விளையாட்டுகள நடத்தற சங்கமான என்சிஏஏதான் கட்டுப்படுத்திட்டு இருந்துச்சு, ஸ்டேடியத்துக்கு ஆள் வராம போயிருவாங்கன்னு பயம். கடைசியா இருந்த ஒப்பந்தத்துல ஒரு டீம் ரெண்டு வருஷத்துல 6 தடவைக்கு மேல டிவில வரக்கூடாது. 1984ல சுப்ரீம் கோர்ட்டு அது செல்லாதுன்னு சொன்ன பிறகுதான் இப்ப நீங்க போட்ட அந்த நீள சேனல் லிஸ்ட் எல்லாம் வந்துச்சு. அதுவரைக்கும் சனிக்கிழமைன்னா ரேடியோதான், மன்சன் மாதிரி ஆளுங்க மேல ஒரு மாநிலமே உசுர வச்சிருந்ததுக்கு காரணம் அதுதான்.

டிசம்பர் 31 மேட்ச்ச சொல்லாம என்னால முடிக்க முடியாது. அட்லாண்டாவுல பீச் பவுல், ப்ளேஆஃப் அரையிறுதி, எதிர்ல ஓஹியோ ஸ்டேட். நாலாவது குவார்ட்டர்ல ஜார்ஜியா 14 பாயிண்ட் பின்னாடி. கடைசி ஒரு நிமிஷத்துக்குள்ள ஜார்ஜியாவோட ஸ்டெட்சன் பெனட் டச்டவுனுக்கு வீசி 42-41. ஆனாலும் ஓஹியோ ஸ்டேட்டுக்கு நேரம் இருந்துச்சு, அவங்க எறங்கி வந்துட்டாங்க, 50 யார்டு உதை, அது ரெண்டு கம்பத்துக்கு நடுவுல உள்ள போனா எல்லாம் முடிஞ்சுது. அப்பா பட்டன 30க்கும் 35க்கும் நடுவுல வச்சுட்டு கைய எடுக்கல. டிவி எப்பவும் போல பின்னாடி, அதுல அவங்க இன்னும் பந்துகிட்ட வந்தே சேரல. வெளிய தெருவுல புத்தாண்டு வெடி வெடிக்க ஆரம்பிச்சிருச்சு, சரியா 12 மணி, அந்த சத்தத்துல ரேடியோ கேக்கல, அப்பா டிரான்சிஸ்டர ரெண்டு கையாலயும் காதோட அமுக்கிட்டாரு. நாங்க நாலு பேரும் டிவிய விட்டுட்டு அவரு மூஞ்சியத்தான் பாத்துட்டு இருந்தோம். கொஞ்ச நேரம் ஒன்னும் தெரியல. அப்புறம் பட்டன எடுத்து டேப்புக்கு வெளிய, இடது பக்கமா தள்ளி வச்சாரு. உதை இடது பக்கம் விலகிப் போயிருச்சு.

2023 பிப்ரவரில அப்பா ஊருக்கு திரும்பிட்டாரு, அதுக்குள்ள ஃபைனல்லயும் டெக்சாஸ் கிறிஸ்டியன் யூனிவர்சிட்டிய (டிசியூ) 65-7ன்னு அடிச்சத கேட்டுட்டுத்தான் போனாரு. இப்ப சீசன் வந்தா நான் டிரான்சிஸ்டர் பக்கத்துல போன வச்சு வாட்ஸ்அப் கால் போட்டுருவேன், கோவில்பட்டில அவரு கட்டில்ல உக்காந்து கேப்பாரு. இங்க மத்தியானம் 12 மணி மேட்ச்னா அங்க ராத்திரி 9:30, சாயங்காலம் 3:30ன்னா அங்க 1 மணி, ராத்திரி 7:30ன்னா ஞாயித்துக்கிழமை விடியகாலம் 5 மணி. நவம்பர் முதல் ஞாயிறு இங்க கடிகாரத்த ஒரு மணி நேரம் பின்னாடி வச்சிருவாங்க, அதுக்கப்புறம் எல்லாத்துக்கும் ஒரு மணி நேரம் கூட்டிக்கணும்.

உங்ககிட்ட நான் கேக்கறது ஒன்னுதாங்க. கிரிக்கெட்டுக்கு எந்த சேனல்னு தினமும் ஒரு சின்ன கட்டம் போடறீங்கல்ல, அது மாதிரி காலேஜ் ஃபுட்பால் சீசன்ல சனிக்கிழமை பேப்பர்ல நம்ம பிள்ளைங்க அதிகமா படிக்கற ஒரு 10 காலேஜ எடுத்து, மேட்ச் இந்திய நேரத்துக்கு எத்தனை மணி, ரேடியோ எந்த ஸ்டேஷன், எந்த ஆப்ல ஆடியோ இலவசமா வருதுன்னு நாலு வரி போடுங்க. டிவிக்கு சேனல் நம்பர் போடறப்ப பக்கத்துலயே ரேடியோவுக்கும் ஒரு வரி. எழுத்த கொஞ்சம் பெருசா போடுங்க, எங்க அப்பாவுக்கு படிச்சு காட்டறது பக்கத்து வீட்டு பாட்டி, அவங்களுக்கும் கண்ணு சரியா தெரியாது.

வர்ற சனிக்கிழமை மேட்ச் 3:30க்கு, அப்பாவுக்கு ராத்திரி 1 மணி. போன்ல சொல்லிட்டேன். சாயங்காலமே சாப்பிட்டு ஒரு தூக்கம் போட்டு எந்திரிச்சிருவேன்னு சொன்னாரு, நூல் முடிச்சு 70 கிட்ட தேஞ்சு போச்சு, அத மட்டும் புதுசா போட ஆளு தேடிட்டு இருக்காராம்.

இப்படிக்கு,
கோவில்பட்டி வாசகன்,
ஆல்பரெட்டா, ஜார்ஜியா